தேய்க்கத் தேய்க்க இறுகிய தாடை

உங்கள் இரண்டு கைவிரல்களையும் காதுக்கு முன்னால், கன்னத்தின் கீழ்ப்பாகத்தில் வையுங்கள். பற்களை ஒருமுறை அழுத்திக் கடியுங்கள். விரலுக்கு அடியில் ஒன்று திரண்டு எழுந்து வருகிறதல்லவா? நம்மைக் கடிக்க வைக்கும் தசை அதுதான். கன்ன எலும்பில் தொடங்கித் தாடையின் மூலையில் முடிகிற, உள்ளங்கை அகலம்கூட இல்லாத ஒரு பட்டை. அது எங்கே தொடங்குகிறது, எங்கே முடிகிறது, எந்த நரம்பு அதற்குப் போகிறது என்று கல்லூரியில் மனப்பாடமாக ஒப்பித்து மதிப்பெண் வாங்கியவள் நான். ஆனால் ஒரு நோயாளியின் கன்னத்தில் விரல் வைத்து அதைத் தேடியது, கிளினிக் திறந்து பதினோரு வருடம் கழித்துத்தான்.

இப்போது தொழிலை விட்டு இரண்டு வருடம் ஆகிறது. பல் மருத்துவத்துக்குப் புதிதாக வந்திருக்கும் நீங்கள் என்னிடம் கேட்பதெல்லாம் வேர் சிகிச்சை, இம்பிளாண்ட், புதுப்புதுக் கருவிகள். அவற்றை என்னைவிட நன்றாகச் சொல்லித்தர ஆட்கள் இருக்கிறார்கள். நான் சொல்லக்கூடியது ஒரு தசையைப் பற்றியும், அதை எனக்குக் கற்றுக்கொடுத்த ஒரு பெண்ணைப் பற்றியும்தான்.

அவள் பெயர் அஞ்சலை. நைனார்பாளையத்துக்காரி. கரும்பு வெட்டும் கூட்டத்தில் வேலை. அப்போது நாற்பது வயதிருக்கும். கள்ளக்குறிச்சி பேருந்து நிலையத்துக்குப் பின்னால் இருந்த என் கிளினிக்குக்கு முதல் தடவை வந்தபோது, இடது கன்னத்தை முந்தானையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு வந்தாள்.

"கடவாப் பல்லும்மா. காது வரிக்கும் குத்துது. சோறு துன்ன முடியல. புடுங்கி வுட்ருங்க."

கீழ்வரிசைக் கடைவாய்ப் பல்லில் பழைய சொத்தை ஒன்று இருந்தது. பெரிதல்ல. ஆனால் வலிக்கு ஒரு காரணம் கிடைத்துவிட்டது என்று எனக்குத் திருப்தி. எடுத்துவிட்டேன். மூன்று நாள் வலி இல்லை என்று சொல்லி அனுப்பினாள். நான் அதைக் கேட்டு மகிழ்ந்தேன். அந்த மூன்று நாளும் அவள் வேலைக்குப் போகவில்லை, கஞ்சிதான் குடித்தாள், வலி மாத்திரையும் போட்டுக்கொண்டாள் என்பதெல்லாம் எனக்குத் தோன்றவில்லை.

இரண்டு வாரத்தில் திரும்பி வந்தாள். இந்த முறை அதற்கு முந்தைய பல்லைக் காட்டினாள். எக்ஸ்ரே எடுத்தேன். பல் சுத்தமாக இருந்தது. தட்டிப் பார்த்தேன், குளிர்ந்த தண்ணீர் பட வைத்துப் பார்த்தேன். ஒன்றும் இல்லை.

"பல்லு நல்லா இருக்கும்மா" என்றேன்.

"நல்லா இருந்தா எதுக்கும்மா இப்பிடி நோவுது? நான் இன்னா பொய்யா சொல்றேன்?" என்று அழுதாள். வெளியே பதினைந்து பேர் காத்திருந்தார்கள். அவளோடு வந்திருந்த பெண்களும் "எடுத்து வுட்ருங்கம்மா, ராவெல்லாம் தூங்கல" என்று கெஞ்சினார்கள். என் மனசு வேண்டாம் என்றது. கை எடுத்துவிட்டது. நல்ல பல். வேர் இரண்டும் வெள்ளை வெளேரென்று வந்தன. அதைத் தட்டில் போட்டபோது எழுந்த சத்தம் இன்னும் எனக்குக் கேட்கிறது.

மூன்றாவது தடவை அவள் வந்து மேல் பல்லைக் காட்டியபோது எனக்குப் பயம் வந்தது. அந்தப் பயம்தான் என்னைக் காப்பாற்றியது. பல் பிடுங்கும் குறடைக் கையில் எடுக்கவில்லை. மேல் பல்லுக்கும், முன்பு எடுத்த கீழ்ப்பக்கத்துக்கும் மரத்துப்போகும் ஊசி போட்டுக் காத்திருந்தேன். வலி அந்த இடத்தில் பிறப்பதானால், இடம் மரத்தால் வலியும் அடங்க வேண்டும்.

பத்து நிமிடம் கழித்துக் கேட்டேன்.

"உதடு மரத்துப் போச்சும்மா. நாக்கு மரத்துப் போச்சு. வலி மட்டும் அப்பிடியே இருக்குது."

நான் அவளுக்குப் பின்னால் போய் நின்று, முதல் முறையாக இரண்டு கன்னத்திலும் விரல்களை வைத்தேன். வலது பக்கம் மெத்தென்று இருந்தது. இடது பக்கம், தசைக்கு நடுவே, முறுக்கிய கயிறு போல ஒன்று விரலில் தட்டுப்பட்டது. அதை மெல்ல அழுத்தினேன். அஞ்சலை நாற்காலியிலிருந்து துள்ளினாள்.

"அதேதாம்மா! அதே நோவு!"

"எங்க வலிக்குது? நான் கை வச்ச இடத்துலயா?"

"இல்லம்மா. பல்லுல. நீங்க புடுங்கினீங்களே, அந்தப் பல்லுல."

வாயைத் திறந்து விரலால் தொட்டுக் காட்டினாள். அங்கே பல்லே இல்லை. ஆறிய ஈறுதான் இருந்தது. நான் விரலை எடுத்தேன். வலி குறைந்தது என்றாள். மறுபடி அழுத்தினேன், இல்லாத பல் மறுபடி வலித்தது. கன்னத்தில் இருக்கிற ஒரு தசை, தான் படும் பாட்டைப் பல்லின் பெயரில் சொல்கிறது. பல் போன பின்னும் அதே முகவரிக்கு வலியை அனுப்பிக்கொண்டிருக்கிறது. புத்தகத்தில் இதைப் படித்திருந்தேன். ஒரு வரி அது. என் விரலுக்கடியில் நடந்தபோது உடம்பு சிலிர்த்துவிட்டது.

பிறகுதான் கேட்க வேண்டியதைக் கேட்டேன். நீ என்ன வேலை செய்கிறாய்?

வெட்டிய கரும்பைக் கட்டிக் கட்டாகத் தலையில் வைத்து, சாய்த்துப் போட்ட பலகை வழியாக லாரியில் ஏற்றுவது அவள் வேலை. "செஞ்சி காட்டு" என்றேன். மூலையிலிருந்த இருபது லிட்டர் தண்ணீர் கேனைப் பார்த்தாள். முந்தானையைச் சும்மாடாகச் சுருட்டித் தலையில் வைத்து, கேனைத் தூக்கி அதன்மேல் நிறுத்தினாள். நான் அவள் கன்னங்களில் விரல் வைத்திருந்தேன். பாரம் தலையில் இறங்கிய அந்த நொடியில், இரண்டு பக்கத் தசையும் கல்லாக எழுந்தன. கழுத்தல்ல, தோளல்ல, முதலில் இறுகியது தாடை. பல்லைக் கடித்துத்தான் அவள் அந்தப் பாரத்தைத் தாங்கினாள். ஒரு நாளைக்கு எத்தனை கட்டு, எத்தனை தடவை பலகை ஏற்றம் என்று எண்ணிப் பார்க்க முடியவில்லை. லாரி லாரியாக ஆலைக்குப் போகிற கரும்பை இந்தச் சின்னப் பட்டையும் சேர்ந்துதான் தூக்கி வைக்கிறது!

"கேனை இறக்கி வை" என்றேன். இறக்கினாள். அரை நிமிடம் கழித்தும் இடது பக்கத் தசை இறங்கவில்லை. அவளுக்கே தெரியாமல் பல்லைக் கடித்துக்கொண்டுதான் நின்றாள். வீட்டிலும் அப்படித்தான் இருந்திருக்கிறாள்.

சிகிச்சை என்று பெரிதாக ஒன்றும் இல்லை. வெந்நீரில் நனைத்துப் பிழிந்த துணியை ஒத்தடம் கொடுக்கச் சொன்னேன். கயிற்றை விரலால் கண்டுபிடித்து, அது இளகும்வரை மெல்லத் தேய்க்கக் கற்றுக்கொடுத்தேன். சில வாரம் கடினமானதை மெல்ல வேண்டாம் என்றேன். தூங்கும்போது போட்டுக்கொள்ளப் பல்லில் பொருந்தும் மெல்லிய தட்டு ஒன்று செய்து கொடுத்தேன். எல்லாவற்றுக்கும் மேல் ஒன்று சொன்னேன்: "உதடு சேர்ந்திருக்கட்டும். பல்லு ஒண்ணையொண்ணு தொட வேணாம்."

"தலையில சொம வச்சிக்கினு பல்லக் கடிக்காம எப்பிடிம்மா ஏறுறது?"

அவளே ஒரு வழி கண்டுபிடித்தாள். மேஸ்திரியிடம் பேசி, ஒரு நாள் வெட்டு, ஒரு நாள் சுமை என்று மற்றொரு பெண்ணோடு மாற்றிக்கொண்டாள். இரண்டு மாதத்தில் வலி போயிற்று.

கடைசியாகப் பார்க்க வந்தபோது, "அந்த ரெண்டாவது பல்லு நல்ல பல்லு. நான் அத எடுத்திருக்கக் கூடாது. தப்பு என்னுது" என்றேன்.

"நானுந்தானே அழுதேன்" என்றாள். பிறகு, "இனிமே யாரு அழுதாலும் எடுக்காதீங்க" என்றாள்.

இதோடு முடிந்திருந்தால் ஒரு தவறு, ஒரு பாடம் என்று நானும் நிறுத்தியிருப்பேன். அடுத்த கரும்புப் பருவத்தில் நடந்ததுதான் என் தொழிலிலேயே பெரிது.

அஞ்சலை தன் கூட்டத்தில் தாடைக்கு வைத்தியக்காரி ஆகிவிட்டிருந்தாள். யாருக்குக் கன்னம் வலித்தாலும் பின்னால் நின்று விரலை வைத்துப் பார்ப்பாள். கயிறு கிடைத்தால் தேய்த்துவிடுவாள். கிடைக்காவிட்டால், "இது பல்லுதான், டாக்டரம்மாகிட்ட போ" என்று அனுப்புவாள். அவள் அப்படி அனுப்பிய ஒவ்வொருவருக்கும் கோளாறு பல்லில்தான் இருந்தது.

ஒரு திங்கள்கிழமை காலை, பதினோரு மணி இருக்கும். அவளே ஒருவரை அழைத்துக்கொண்டு வந்தாள். கோவிந்தன் என்று பெயர். கல்வராயன் மலையில் வெள்ளிமலைக்கு அப்பால் ஒரு சிற்றூர். கரும்பு வெட்டுக்கு மலையிலிருந்து இறங்கி வந்து இவர்கள் கூட்டத்தில் சேர்ந்திருந்தார். ஒல்லியான மனிதர், ஐம்பதுக்கு மேல் வயது. வாசலில் நின்றபடியே என்னைப் பார்த்து லேசாகச் சிரித்தார். மலைக்காரர்களுக்கு உரிய கூச்சம் என்று நினைத்துக்கொண்டேன்.

"ரெண்டு நாளா வாயத் தொறக்க முடியலயாம்மா. எனக்கு வந்த அதே நோவுதான் போல" என்றாள் அஞ்சலை.

கூட்டம் நிறைய. நான் அவர் கன்னத்தைத் தொட்டேன். கல்லாக இருந்தது. சுமை தூக்குகிறவர், தாடை வலி, இறுகிய தசை. என் மனதில் விடை தயாராக இருந்தது. இதைக் கண்டுபிடிக்க ஒரு காலத்தில் நல்ல பல்லொன்றைப் பலி கொடுத்தவளல்லவா நான்? இப்போது தொட்டதுமே தெரிகிறது என்று உள்ளுக்குள் ஒரு பெருமைகூட. தசை இளக மாத்திரை எழுதி, ஒத்தடம் சொல்லி, ஒரு வாரம் கழித்து வரச் சொன்னேன். பன்னிரண்டு மணிக்கு மலைக்கு ஒரு பஸ் இருந்தது. அதைப் பிடித்து ஊருக்குப் போய் ஓய்வெடுக்கப்போவதாக அவர் பல்லுக்கிடையில் முனகினார். நல்லது என்றேன்.

சீட்டை வாங்கிக்கொண்ட அஞ்சலை நகரவில்லை.

"இன்னா அஞ்சல?"

"ஒண்ணு சொல்லட்டுமாம்மா? தப்பா எடுத்துக்காதீங்க."

"சொல்லு."

"நேத்து நான் தேச்சி வுட்டேம்மா. எனக்குத் தேச்சா இளகும். எல்லாருக்கும் இளகும். இவருக்குத் தேக்கத் தேக்க இறுகுது. கைய வச்சாலே வெடுக்குனு இழுத்துக்குது. கவுறும் இல்ல. மொத்தமும் பலகையா இருக்குது."

அடுத்த நோயாளியின் சீட்டு என் கையில் இருந்தது. அதை மேசைமேல் வைத்தேன். கோவிந்தனைத் திரும்ப நாற்காலியில் உட்காரச் சொன்னேன்.

இந்த முறை இரண்டு கன்னத்தையும் ஒன்றாகத் தொட்டேன். வலமும் இடமும் ஒரே மாதிரி இறுகியிருந்தன. பாரத்தால் வரும் வலி இப்படிச் சமமாக வந்து நான் அதிகம் பார்த்ததில்லை; எப்போதும் ஒரு பக்கம்தான் கூடுதலாக இருக்கும். நெற்றிப்பொட்டுத் தசையும் பலகையாக இருந்தது. நாற்காலியைச் சாய்த்தேன். அவர் தலை தலையணையில் இறங்கவில்லை. கழுத்துக்கும் நாற்காலிக்கும் நடுவே என் கை நுழையும் இடைவெளி இருந்தது. அப்போதுதான் முகத்தைப் பார்த்தேன். புருவம் தூக்கியிருந்தது. வாயின் ஓரங்கள் பின்னுக்கு இழுத்திருந்தன. வாசலில் நான் பார்த்தது சிரிப்பே அல்ல.

நாக்கை அழுத்தும் மரக்குச்சி ஒன்றை எடுத்து, பல்லிடுக்கு வழியாக விட்டுத் தொண்டையின் பின்சுவரைத் தொட்டேன். யாராக இருந்தாலும் குமட்டி வாயைத் திறப்பார்கள். அவர் தாடை குச்சியைக் கவ்வியது. அவர் கவ்வவில்லை, தாடை கவ்வியது. விடச் சொன்னேன். விட முடியவில்லை. கண்ணில் தண்ணீர் வந்தது.

"எங்கனா காயம் பட்டுச்சா?" என்றேன். தலையை ஆட்ட முடியாமல் கையை ஆட்டி இல்லை என்றார்.

"கால்ல கட்டை குத்தல?" என்றாள் அஞ்சலை. "போன வாரத்துக்கு மொத வாரம், வெட்டின கரும்புக் கட்டை ஏறிச்சே!"

செருப்பைக் கழற்றிப் பார்த்தேன். உள்ளங்காலில் மிளகளவு கறுப்புப் புள்ளி. ஆறிப்போனது போலவே இருந்தது.

ரணஜன்னி. டெட்டனஸ். பாடப் புத்தகத்தோடு போய்விட்டது என்று நான் நினைத்திருந்த நோய். தாடைத் தசையில்தான் அது பெரும்பாலும் முதலில் வாயைத் திறந்து பேசும், வாயை மூடுவதன் மூலம். நான் அதைப் பலகை ஏற்றத்தின் வலி என்று சொல்லி, மருத்துவமனைக்கு வெகு தொலைவில், மலை மேல் அனுப்ப இருந்தேன்.

உதவியாளர் அவசரத்தில் திரும்பும்போது கருவித் தட்டு கீழே விழுந்தது. அந்தச் சத்தத்துக்குக் கோவிந்தனின் உடம்பு வில்லாக வளைந்தது. குதிகாலும் தலையின் பின்புறமும் மட்டும்தான் நாற்காலியில் இருந்தன. சில நொடிதான். அவர் நினைவோடு இருந்தார். எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு கூரான புள்ளி வழியாக உள்ளே போன, கண்ணுக்குத் தெரியாத ஒன்று, கரும்பு வெட்டிக் காய்த்த ஒரு முழு மனிதனை இப்படி வளைக்கிறது. மனித உடம்பைப் பார்த்து நான் அவ்வளவு பயந்ததுமில்லை, அவ்வளவு வியந்ததுமில்லை.

விளக்கை அணைத்தேன். மோட்டாரை நிறுத்தினேன். காத்திருந்தவர்களைச் சத்தமில்லாமல் வெளியே போகச் சொன்னேன். பெரிய மருத்துவமனையின் அவசரப் பிரிவுக்குப் போன் செய்தேன்.

"பல் டாக்டரா? டெட்டனஸ்ன்னு எப்படிச் சொல்றீங்க?" என்றது மறுமுனைக் குரல். இளம் மருத்துவர். கோபமில்லை, சந்தேகம்.

"நான் தப்பா இருந்தா ரொம்ப நல்லது. நீங்க பாத்துட்டுத் திட்டுங்க. ஆனா இப்ப படுக்கை தயார் பண்ணுங்க. இப்பத்தான் என் நாற்காலியில ஒரு தடவை வில்லா வளைஞ்சிட்டார்."

"அனுப்புங்க மேடம். வாய் வழியா எதுவும் குடுக்காதீங்க."

ஆம்புலன்ஸ் வந்தது. ஓட்டுநரிடம் சைரன் போடக் கூடாது என்றேன்.

"சைரன் இல்லாம எப்பிடிம்மா? துருகம் ரோட்டுல இன்னிக்கி ஜாஸ்தி கூட்டம்."

"சத்தம் கேட்டா அவருக்கு இழுப்பு வரும். இழுப்புல மூச்சு நின்னுடலாம்."

அவர் உள்ளே எட்டிப் பார்த்தார். பிறகு தலையசைத்தார். அஞ்சலை தன் முந்தானையால் கோவிந்தனின் கண்ணையும் காதையும் மூடினாள், ஏறி அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். நான் வாசலில் நின்று பார்த்தேன். வழிவிடச் சொல்லி விளக்கு மட்டும் சுழன்றுகொண்டிருக்க, ஒரு ஆம்புலன்ஸ் ஓசையில்லாமல் ஊரைக் கடந்து போனது.

அன்று மாலை அந்த இளம் மருத்துவரே கூப்பிட்டார். "மேடம், நீங்க தப்பா இல்ல" என்றார்.

"கண்டுபிடிச்சது நானில்லை. உங்க ஆம்புலன்ஸ்ல வந்தாங்களே, அந்த அம்மா" என்றேன். அவர் நம்பினாரா என்று தெரியவில்லை.

ஐந்து வாரம் கோவிந்தன் அங்கே இருந்தார். ஒருமுறை போய்ப் பார்த்தேன். ஜன்னலுக்குக் கறுப்புத் துணி. தொண்டையில் துளையிட்டு மூச்சுக் கருவி. செவிலியர்கள் கிசுகிசுப்பாகத்தான் பேசினார்கள், செருப்பில்லாமல் நடந்தார்கள். மருந்துகள் வேலை செய்துகொண்டிருந்தன. அவற்றோடு சேர்ந்து இருட்டும் அமைதியும்கூட மருந்தாகத்தான் இருந்தன. நான் அவர் கன்னத்தைத் தொடவில்லை. தள்ளி நின்று பார்த்துவிட்டு வந்தேன்.

நீங்கள் கேட்பீர்கள், இதில் நமக்கு என்ன இருக்கிறது என்று. இறுகிய தாடை எல்லாம் டெட்டனஸ் அல்ல. உங்களுக்கு வரும் ஆயிரத்தில் ஒன்றுகூட இராது. கடைவாய்ப் பல் முளைக்கும் புண், சீழ், மூட்டு நழுவல், வேலையின் பாரம், மனசின் பாரம் என்று காரணங்கள் பல. நான் சொல்ல வந்தது வேறு. முதல் முறை எனக்குத் தெரியாததால் தவறினேன். இரண்டாவது முறை எனக்குத் தெரிந்ததாலேயே தவறப் பார்த்தேன். தெரிந்தது என்ற நினைப்பு வந்ததும் என் விரல் தேடுவதை நிறுத்திவிட்டது. நான் கற்றுக்கொடுத்த அஞ்சலையின் விரல்கள் நிறுத்தவில்லை. கற்றுக்கொண்டதோடு ஒத்துவராத ஒன்றை அவை உணர்ந்தன. அதைச் சொல்ல அவளுக்குத் துணிவும் இருந்தது. உங்கள் எதிரே நிற்பவர் சீட்டை வாங்கிக்கொண்டும் போகாமல் நின்றால், அடுத்தவரைக் கூப்பிடாதீர்கள்.

நான்கு மாதம் கழித்து ஒரு மதியம், சாப்பிட்டுவிட்டு கிளினிக் கதவைத் திறந்தேன். பெஞ்சில் ஏழெட்டுப் பேர். கடைசியில் அஞ்சலை. அவள் பக்கத்தில் கோவிந்தன், தொண்டையில் ஒரு சிறு தழும்போடு. நேராக உள்ளே வரலாம் அல்லவா? வரிசைப்படி வருவதாகச் சொல்லி உட்கார்ந்திருந்தாராம். வெயில் நேரம். மலையிலிருந்து பஸ்ஸில் வந்த களைப்பு.

நான் பேச வாயெடுக்கும் முன் அவர் கொட்டாவி விட்டார்.

சாதாரணக் கொட்டாவி அல்ல. தாடை மெல்ல இறங்கி, இறங்கி, இன்னும் இறங்கி, கடைவாய்ப் பற்கள் வரை தெரிந்தன. ஒரு நொடி அங்கேயே நின்றது. கண்ணில் நீர் துளிர்த்தது. பிறகு தானாக மூடிக்கொண்டது, அவ்வளவு லேசாக.

"டாக்டரம்மா எதிர்ல இன்னாயா இது?" என்று அஞ்சலை அவர் தோளில் தட்டினாள். அவர் கூச்சத்தோடு வாயைக் கையால் பொத்திக்கொண்டார்.

"பொத்தாதீங்க" என்றேன்.

அதற்குள் பக்கத்தில் இருந்த பெரியவருக்குக் கொட்டாவி தொற்றிக்கொண்டது. அவரிடமிருந்து மடியில் குழந்தையோடு இருந்த பெண்ணுக்கு. பிறகு அந்தக் குழந்தைக்கு. பெஞ்சு முழுக்க ஒவ்வொரு வாயாகத் திறந்து மூடிக்கொண்டு வந்தது. கதவைப் பிடித்துக்கொண்டு நின்ற எனக்கும் வந்தது. வாயை அகலத் திறந்தேன்.